தப்பு மாமா மீண்டும் எண்ணுகிறார்

விருதுநகர்
12.8.2024

அன்புத் தங்கம்,

ஆமத்தூரிலிருந்து பஸ் ஏறினால் ஒரு தூக்கம் போடுவதற்குள் விருதுநகர் வந்துவிடும். இருந்தும் நீ வரவில்லை. பேத்தி ரோஷினியின் காதுகுத்து அன்று பந்தியில் என் பக்கத்து இலையை யாருக்கும் கொடுக்காமல் பிடித்து வைத்திருந்தேன். கடைசியில் மதுரைச் சம்பந்தி வந்து உட்கார்ந்து, பாயசம் முடியும்வரை தன் மூட்டுவலியைச் சொன்னார். நல்லவேளை, எனக்குக் காது கேட்காது.

சமாதானம் சொல்லப் போன் செய்யாதே. காதில் மிஷின் வைத்தும் இரைச்சல்தான் கேட்கிறது. நீயோ 'ஹலோ' சொல்வதற்குள் மூன்று முறை தொண்டையைச் செருமுகிறவன். பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சில் இருந்துகொண்டே துண்டுத்தாளில் எழுதிப் பேசியவர்கள்தானே நாம். கடிதமே போதும்.

விஷயத்துக்கு வருகிறேன். ஜூன் மாதம் நம் பட்டாசுக் கம்பெனியில் நடந்த வெடிவிபத்து உனக்குத் தெரியும். மூன்று பேர் போய்விட்டார்கள். அதில் மாரித்தாய் உன் தெருக்காரி. அந்த வாரம் முழுக்க எனக்குச் சோறு இறங்கவில்லை. இனி அப்படி நடக்கக்கூடாது என்று என் மகன் மணிகண்டன் ஒரு படம் எடுக்கிறான். தொழிலாளர்களுக்குப் பாதுகாப்புச் சொல்லிக்கொடுக்கிற சின்னப் படம். நம்மிடம் மட்டுமல்ல, சிவகாசி வட்டாரத்தில் எல்லாப் பட்டாசுக் கம்பெனியிலும் போட்டுக் காட்டலாம். யாரை நடிக்க வைப்பது என்று பேச்சு வந்தது. யாரோ சினிமா காமெடியன் பெயரை எழுதிக் காட்டினார்கள். நான் மேஜையைத் தட்டி, "ஏலே, தப்பு மாமா உயிரோட இருக்கும்போது வேற ஆளு எதுக்குலே?" என்றேன்.

மணிகண்டனுக்கு உடனே முகம் மலர்ந்துவிட்டது. அவன் சின்னப் பிள்ளையாக டிவி முன்னால் நின்று, "தப்பு மாமா, தப்பு!" என்று உன்னைப் பார்த்துக் கத்தியது எனக்கு இன்னும் கண்ணில் இருக்கிறது. தொழிலாளிகளும் அப்படிக் கத்தி வளர்ந்தவர்கள்தான். நீ சொன்னால் கேட்பார்கள்.

மறுக்காதே. மறுக்க உனக்குத் தெரியாது என்பதும் எனக்குத் தெரியும்.

உன்,
சீனி


ஆமத்தூர்
19.8.2024

அன்புள்ள சீனி,

உன் கடிதம் வந்த அன்றே பதில் எழுத உட்கார்ந்தேன். இரண்டு தாள் கிழித்தாயிற்று. ஒன்றில் மகிழ்ச்சி அதிகமாக இருந்தது. மற்றதில் பயம் அதிகமாக இருந்தது. இது மூன்றாவது. இதையும் நாளை படித்துப் பார்த்துவிட்டுத்தான் தபாலில் போடுவேன்.

காதுகுத்துக்கு வராதது என் தப்பு. புதுச்சட்டை போட்டுக்கொண்டு பஸ் நிறுத்தம்வரை வந்தேன். கூட்டமாக இருக்குமே, யாராவது மைக்கைக் கொடுத்து நாலு வார்த்தை பேசச் சொல்வார்களே என்று தோன்றியது. திரும்பிவிட்டேன். குழந்தைக்கு என் ஆசி.

யாரும் என்னை நடிக்கக் கூப்பிட்டு முப்பது வருடத்துக்கு மேல் ஆகிறது. உண்மையில் நான் நடிகனா என்பதே எனக்குச் சந்தேகம். சென்னைத் தொலைக்காட்சி நிலையத்தில் குழந்தைகளுக்கான பாடங்களை எழுதிக் கொடுக்கத்தான் என்னைச் சேர்த்தார்கள். அப்போது பாடம் நடத்த வருகிறவர்கள் எல்லாமே அறிந்த பெரியவர்கள். கோட்டுப் போட்ட ஒருவர் பலகையில் எழுதுவார், பிள்ளைகள் கைகட்டிப் பார்ப்பார்கள். ஒருநாள் அவர் வரவில்லை. ஒளிப்பதிவு நேரம் போய்க்கொண்டிருந்தது. எழுதினவனே நில் என்று என்னை விளக்குக்குக் கீழே தள்ளிவிட்டார்கள். மேஜையில் மாங்காய்கள். நடுக்கத்தில் ஐந்தை ஆறு என்று எண்ணிவிட்டேன். அரங்கத்தில் இருந்த ஒரு சின்னப் பெண் எழுந்து, "தப்பு மாமா!" என்று கத்தினாள். நான் தலையைச் சொறிந்துகொண்டு, "அப்படியா? நீங்க சொன்னாத்தானே எனக்குத் தெரியுது" என்றேன். அது நடிப்பு இல்லை. வேறு என்ன சொல்வதென்று தெரியவில்லை. ஆனால் எங்கள் தயாரிப்பாளர் அம்மாள் கண்ணாடி அறையிலிருந்து ஓடிவந்து, "நாளையிலிருந்து தினமும் தப்பாக எண்ணுங்கள்" என்றார்.

அதன் பிறகு நான் செய்ததெல்லாம் ஒன்றுதான். தப்பாகச் சொல்வேன், பிறகு வாயை மூடிக்கொண்டு காத்திருப்பேன். வீட்டில் இருக்கும் பிள்ளை யோசித்து, எண்ணி, கத்தும்வரை காத்திருக்க வேண்டும். பொறியாளர்களுக்கு அது பிடிக்காது. டிவியில் சத்தம் நின்றால் பெட்டி கெட்டுவிட்டது என்று ஜனங்கள் நினைப்பார்களாம். ஒரு தடவை நான் காத்திருந்தபோது பயந்துபோய் 'தடங்கலுக்கு வருந்துகிறோம்' அட்டையைப் போட்டுவிட்டார்கள்! நான் யாரிடமும் சண்டை போட்டவன் இல்லை என்று உனக்குத் தெரியும். அன்று மட்டும் போட்டேன். அந்த நேரம் பிள்ளைகளுக்குச் சொந்தம், எடுக்காதீர்கள் என்றேன். சொல்லிவிட்டுக் கழிப்பறையில் போய் நின்றுகொண்டேன்.

நீ சொல்கிற படத்தால் ஒரு உயிர் தப்பினாலும் நல்லது. வருகிறேன். கதையை எழுத்தில் அனுப்பச் சொல். முன்கூட்டிப் படிக்காமல் என்னால் எதுவும் முடியாது.

அன்புடன்,
தங்கச்சாமி


விருதுநகர்
2.9.2024

அன்புத் தங்கம்,

சொன்னேன் அல்லவா, உனக்கு மறுக்கத் தெரியாது! கதையை டிரைவர் இருளாண்டியிடம் கொடுத்து அனுப்பியிருக்கிறேன். கூடவே சேவும் கருப்பட்டி மிட்டாயும். மிட்டாயை ஒரே நாளில் தின்று பல்லைக் கெடுத்துக்கொள்ளாதே.

எழுதி எடுப்பவர் மதுரைக்காரத் தம்பி ஒருவர். நிறைய விளம்பரம் எடுத்தவராம். படித்தேன், நன்றாகத்தான் இருக்கிறது. சிரிப்பு இருக்கிறது, கடைசியில் கண்ணீரும் வரும். ஷூட்டிங் இருபத்தொன்பதாம் தேதி, ஞாயிறு. கம்பெனி லீவு. காலி செய்த பழைய அறையில் வெடிமருந்துக்குப் பதில் மணலையும் மரத்தூளையும் வைத்து எடுப்பார்கள். நம் ஆட்கள் எல்லாரும் பார்க்க வருவார்கள். நானும் வந்து உட்காருவேன்.

உன்,
சீனி


ஆமத்தூர்
9.9.2024

அன்புள்ள சீனி,

மிட்டாய்க்கு நன்றி. தெருப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டேன்.

கதையைப் படித்தேன். சில சந்தேகங்கள். நான் தவறாகப் புரிந்துகொண்டிருந்தால் திருத்து.

முதலில், கதையில் தப்பு மாமா ஒரு பட்டாசுத் தொழிலாளி. அவன் பாட்டுப் பாடிக்கொண்டு, பராக்குப் பார்த்துக்கொண்டு, மருந்து இருக்கிற தட்டைத் தரையில் இழுக்கிறான். உராய்வு. வெடிக்கிறது. வெள்ளைத் துணி போர்த்துகிறார்கள். பிறகு குரல் மட்டும் வருகிறது: "தப்பு செய்தது நான்தான். நீங்கள் செய்யாதீர்கள்." ஜூன் மாதம் செய்தித்தாளில் வந்ததும் இதுதான். மாரித்தாய் தட்டை இழுத்தாள், உராய்வு ஏற்பட்டது என்றுதான் கம்பெனி தரப்பில் சொன்னதாகப் போட்டிருந்தார்கள். கதையில் பெயர்தான் இல்லை. பார்க்கிற எல்லாருக்கும் யார் என்று தெரியும்.

இரண்டாவதாக எழுத நினைத்ததை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. நடந்ததைச் சொல்லிவிடுகிறேன்.

கதையைப் படித்ததும் மனம் சரியில்லாமல் மாரித்தாய் வீட்டுக்குப் போனேன். நடந்து மூன்று மாதம் ஆகப்போகிறது. இப்போதுதான் அந்த வாசலை மிதிக்கத் துணிவு வந்தது. அவள் புருஷன் முத்துப்பாண்டி சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். உள்ளே பொன்மணி பிள்ளைகளுக்குச் சோறு போட்டுக்கொண்டிருந்தாள். மாரித்தாயோடு ஒரே அறையில் வேலை பார்த்தவள். அன்று வெளியே தாள் எடுக்கப் போனதால் தப்பித்தவள்.

"வாங்க மாமா. டிவியில வந்த தப்பு மாமா நம்ம தெருவுக்குள்ளயே இருக்காகன்னு மாரித்தாயி எம்புட்டுப் பெருமையாச் சொல்லுவா தெரியுமா?" என்றாள்.

என்ன நடந்தது என்று கேட்டேன். கேட்டேன் என்றுகூடச் சொல்ல முடியாது. உட்கார்ந்திருந்தேன், அவளாகச் சொன்னாள்.

"நாலு பேருதான் இருக்கணும்னு செவத்துல பெயிண்டுல எழுதியிருக்கு மாமா. அன்னைக்கு நாங்க ஏழு பேரு. வடக்க இருந்து பெரிய ஆர்டராம், லோடு நிக்கிதாம், போர்மேன் உள்ள அனுப்பிச்சாரு. மருந்தும் அன்னைக்குக் கலந்தது இல்ல. முந்தின நாளு மிஞ்சினது. ராத்திரி மழ வேற. அத அள்ளிக் குழியில போட்டு அழிச்சிருக்கணும்."

முத்துப்பாண்டி திரும்பாமலே, "அவுககிட்ட ஏன் சொல்லுதே? அவுக முதலாளிக்கு வேண்டியவுக" என்றார்.

சீனி, அவர் சொன்னதில் தப்பில்லை. உண்மைதானே. கம்பெனியை நடத்துவது மணிகண்டன். நீ வீட்டில் இருக்கிறாய். ஏழு பேர் இருந்தது உனக்குத் தெரிந்திருக்காது என்றே நம்புகிறேன். இப்போது தெரிந்துவிட்டது.

எனக்கு ஒரு யோசனை. சரியா என்று தெரியாது. தப்பு மாமாவைத் தொழிலாளியாக வைக்க வேண்டாம். போர்மேனாக வைக்கலாம். சுவரில் எழுதியிருப்பதைத் தப்பாகப் படிக்கட்டும். பழைய மருந்தைப் புதிது என்று சொல்லட்டும். பெண்கள் அவனைத் திருத்தட்டும். சிரிப்பும் வரும், பாடமும் வரும். நாலு பக்கத்தில் எழுதி இத்துடன் வைத்திருக்கிறேன். உன் மகனிடம் காட்டு.

அன்புடன்,
தங்கச்சாமி


விருதுநகர்
14.9.2024

அன்புத் தங்கம்,

நீ எழுதியதை மணிகண்டனிடம் காட்டினேன். காட்டாமலே இருந்திருக்கலாம்.

நீ நடிகன். நடிக்கத்தான் கூப்பிட்டோம். விசாரணை நடத்தக் கூப்பிடவில்லை. பொன்மணி சொன்னாள் என்று எழுதுகிறாய். துக்கத்தில் இருப்பவள் ஆயிரம் சொல்வாள். உள்ளே இத்தனை பேர், அத்தனை பேர் என்பதெல்லாம் விசாரணையில் இருக்கிற விஷயம். அதைக் கடிதத்தில் எழுதலாமா? நீ படித்தவன் அல்லவா!

சீசன் தெரியுமா உனக்கு? தீபாவளிக்குச் சரக்குப் போகவில்லை என்றால் அடுத்த வருடம் ஆர்டர் இல்லை. லைசென்ஸ் போனால் கேட்டைப் பூட்டிச் சாவியை ஒப்படைக்க வேண்டியதுதான். உன் தெருவில் எந்த வீட்டில் நம் கம்பெனிச் சம்பளம் இல்லை, சொல்? அந்தப் பொன்மணி வீட்டு அடுப்பே இதில்தான் எரிகிறது. நான் கெட்டவனாக இருந்து சொல்லவில்லை. எல்லாரையும் யோசித்துச் சொல்கிறேன்.

தப்பு மாமா போர்மேனாக வந்தால் ஜனம் எங்களைப் பார்த்துச் சிரிக்கும். தொழிலாளியாக வந்தால் தன்னைப் பார்த்துத் திருந்தும். இது உனக்குப் புரிய வேண்டும்.

நான் மேஜையைத் தட்டி உன் பெயரைச் சொன்னவன். என் மகன் முன்னால் என்னைத் தலைகுனிய வைக்காதே. எழுதியிருப்பதை எழுதியபடி சொல். அது போதும். இருபத்தொன்பதாம் தேதி காலை கார் வரும்.

உன்,
சீனி


ஆமத்தூர்
23.9.2024

அன்புள்ள சீனி,

கார் வேண்டாம். உன் ஆட்களை ஏற்றிவரும் வேனில் பொன்மணி, மற்றப் பெண்களோடு வருகிறேன்.

ஒன்றை முன்னாலேயே சொல்லிவிட வேண்டும் என்று நினைக்கிறேன். சொல்லாமல் வந்தால் உன்னை ஏமாற்றியதாகும். தப்பு மாமாவுக்கு நான்தான் வசனம் எழுதினேன். விளக்கு எரிந்ததும் நான் எழுதியதையே அவர் கேட்டதில்லை. எதிரில் இருக்கிற பிள்ளைகளைப் பார்ப்பார், அவர்களிடம் என்ன கேட்க வேண்டுமோ அதைக் கேட்பார். இந்த வயதில் அவரை நான் அடக்கி வைப்பேன் என்று உறுதி கொடுக்க முடியவில்லை.

வேறு ஆளைப் போட வேண்டுமானால் இன்னும் நாள் இருக்கிறது.

தங்கச்சாமி


ஆமத்தூர்
1.10.2024

அன்புள்ள சீனி,

வேறு ஆளைப் போடுவாய் என்று எதிர்பார்த்தேன். போடவில்லை. ஞாயிற்றுக்கிழமை நடந்ததை மற்றவர்கள் உனக்கு இந்நேரம் சொல்லியிருப்பார்கள். என்ன சொன்னார்கள் என்று எனக்குத் தெரியாது. நீ அங்கேதான் இருந்தாய், ஆனால் உனக்குக் கேட்கவில்லை. ஆகவே கேட்டதை அப்படியே எழுதுகிறேன். கூட்டியும் எழுதவில்லை, குறைத்தும் எழுதவில்லை.

அறைக்குள் என்னையும் மூன்று பெண்களையும் உட்கார வைத்தார்கள். சுவரில் 'நான்கு பேர் மட்டும்' என்று புதிதாக எழுதியிருந்தது. பெயிண்டு வாசனை போகவில்லை. கேமராவுக்குப் பின்னால் நம் ஆட்கள் எல்லாரும் நின்றார்கள். நான் வசனத் தாளை மடிப்பதும் பிரிப்பதுமாக இருந்தேன். மதுரைத் தம்பி வந்து, "ஐயா, டென்ஷன் ஆகாதீங்க, பாத்துக்கலாம்" என்று முதுகைத் தட்டினார். பாவம், நல்ல பிள்ளை.

முதல் தடவை எழுதியபடி செய்தேன். பாட்டுப் பாடினேன், தட்டைத் தொட்டேன். இழுக்க வேண்டிய இடத்தில் கேமராவுக்குப் பின்னால் பார்த்தேன். பொன்மணி முந்தானையால் வாயை மூடிக்கொண்டு நின்றாள். என் கை தட்டை விட்டுவிட்டது.

எழுந்து அவர்கள் பக்கம் திரும்பினேன். தலையைச் சொறிந்தேன். "எனக்கு ஒரு சந்தேகம். அன்னைக்கு இந்த மாதிரி ரூமுக்குள்ள எத்தன பேரு இருந்தாக? எனக்கு நல்லா எண்ணத் தெரியும். ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு. நாலு பேரு! சரிதான?" என்றேன்.

பிறகு வாயை மூடிக்கொண்டேன்.

மதுரைத் தம்பி நான் வசனத்தை மறந்துவிட்டேன் என்று நினைத்து, "ஐயா, அடுத்த வரி..." என்று எடுத்துக் கொடுத்தார். நான் அசையவில்லை. உன் மகன் பெஞ்சிலிருந்து எழுந்தான். அவனுக்குத் தெரிந்துவிட்டது, சின்ன வயதில் பார்த்தவன் அல்லவா. நான் காத்திருந்தேன். சீனி, அவ்வளவு நேரம் நான் எந்த அரங்கத்திலும் காத்திருந்ததில்லை. யாரும் வாய் திறக்க மாட்டார்கள், கிழவன் நடுவில் நின்று அவமானப்படப் போகிறான் என்றே நினைத்தேன்.

பின்வரிசையிலிருந்து ஒரு குரல். "தப்பு."

அவ்வளவு மெதுவாக. யார் என்று தெரியவில்லை. அதற்குப் பிறகு பொன்மணி வாயிலிருந்து முந்தானையை எடுத்துவிட்டு, "தப்பு மாமா! தப்பு!" என்று கத்தினாள்.

"அப்படியா? அப்ப எத்தன?"

"ஏழு!"

அத்தனை பெண்களும் சேர்ந்து கத்தினார்கள். பஞ்சாயத்து டிவி முன்னால் மண்ணில் உட்கார்ந்து கத்தின அதே மாதிரி. நாற்பது, நாற்பத்தைந்து வயதுப் பெண்கள்.

"மருந்து அன்னைக்குக் கலந்த புது மருந்துதான?"

"தப்பு! முந்தின நாளு மருந்து!"

அப்போது நீ கைதட்டினாய்.

எல்லார் வாயும் திறந்து மூடுவதைப் பார்த்தாய். படம் நன்றாக வருகிறது என்று நினைத்திருப்பாய். உன் முகத்தில் அவ்வளவு சந்தோஷம். பக்கத்தில் இருந்த கணக்கரின் தொடையைக்கூடத் தட்டினாய். அவர் உன்னைப் பார்க்கவே இல்லை. அதைப் பார்த்ததும் நிறுத்திவிடலாமா என்று நினைத்தேன். நிறுத்தவில்லை.

"மாரித்தாயி தட்ட இழுத்தா. அதனால வெடிச்சிருச்சு. இதுவாச்சும் சரிதான?" என்றேன்.

இந்தத் தடவை யாரும் கத்தவில்லை. எனக்கும் விடை தெரியாது. தெரியாமல் நான் கேட்ட கேள்வி அது ஒன்றுதான். நிகழ்ச்சி நடந்த காலத்தில்கூட விடை தெரியாமல் எதையும் கேட்டதில்லை. பொன்மணி முன்னால் நடந்து வந்தாள். கேமராவை மறைத்துக்கொண்டு நின்றாள்.

"அவ எங்க மாமா இழுத்தா? அவ அதத் தொடவே மாட்டேன்னுட்டா. இது ஈரமாயிருச்சு, வேணாம், வெளிய வைங்கன்னா. போர்மேன்தான், 'உனக்கு வேணாம்னா வீட்டுக்குப் போ, வேற ஆளு இருக்கு'ன்னாரு. நான் தாளு எடுக்க வெளிய வரும்போதும் அவ கையக் கட்டிக்கிட்டுத்தான் நின்னுக்கிட்டிருந்தா."

நான் சொல்ல வேண்டிய வசனம் ஒன்று உண்டு அல்லவா, 'நீங்க சொன்னாத்தானே எனக்குத் தெரியுது' என்று. அதைச் சொன்னேன். சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டேன். உன் மகன் கேமராவை அணைக்கச் சொன்னான். கேமராவைத்தான் அணைத்தார்கள். பெண்கள் கையில் இருந்த செல்போன்களை யார் அணைப்பது? ஊர் முழுக்கப் போய்விட்டது என்கிறார்கள். எனக்கு அதெல்லாம் பார்க்கத் தெரியாது.

இதற்காக நான் மன்னிப்புக் கேட்கவில்லை. ஒருவரை வருத்தப்படுத்திவிட்டு நான் மன்னிப்புக் கேட்காமல் எழுதிய முதல் கடிதம் இதுவாகத்தான் இருக்கும். ஆனால் உன் கைதட்டலுக்கு வருந்துகிறேன். அது என் மனதைவிட்டுப் போகவில்லை.

நீ என்ன நினைக்கிறாய் என்று எழுது. மணிகண்டன் நினைப்பது அல்ல, நீ நினைப்பது.

அன்புடன்,
தங்கச்சாமி


விருதுநகர்
21.10.2024

திரு. தங்கச்சாமி அவர்களுக்கு,

29.9.2024 அன்று எங்கள் நிறுவன வளாகத்தில் நடைபெற்ற பாதுகாப்புப் படப்பிடிப்பு தொடர்பாக இணைப்பில் உள்ள விளக்கக் கடிதத்தில் குறியிடப்பட்டுள்ள இடத்தில் தாங்கள் கையொப்பமிட்டு, இதைக் கொண்டுவரும் ஓட்டுநரிடம் ஒப்படைக்கும்படி கேட்டுக்கொள்கிறோம். விளக்கத்தின் சாரம்: முதுமை, நினைவுத் தடுமாற்றம் ஆகியவற்றால் தாங்கள் வசனத்தை மறந்து, பழைய தொலைக்காட்சி நிகழ்ச்சியின் விளையாட்டைச் செய்ததாகவும், அங்கிருந்தவர்கள் அதற்கு விளையாட்டாகவே பதில் அளித்ததாகவும் தெரிவிப்பது.

வரும் திங்கட்கிழமை சிவகாசியில் நடைபெறும் விசாரணையில் இது தாக்கல் செய்யப்படும்.

வழக்கம்போல் இவ்வாண்டும் தீபாவளிப் பரிசுப்பெட்டி அனுப்பப்பட்டுள்ளது.

இப்படிக்கு,
நிறுவனத்திற்காக,
சீனிவாசகம்


ஆமத்தூர்
22.10.2024

அன்புள்ள சீனி,

உன் வண்டி வாசலில் நிற்கிறது. இருளாண்டி காத்திருக்கிறார். அதனால் இந்தக் கடிதத்துக்கு நகல் எடுக்கவில்லை, திரும்பப் படிக்கவும் போவதில்லை. பிழை இருந்தால் இருக்கட்டும்.

கடிதம் டைப் அடித்து வந்திருக்கிறது. கீழே இருக்கிற கையெழுத்து உன்னுடையதுதான். 'சீ' போடும்போது மேலே சுழிக்கிற பழக்கம் உன்னைவிட்டு இன்னும் போகவில்லை. யாரோ நீட்டினார்கள், படிக்காமல் போட்டாய் என்று நினைக்க ஆசையாக இருக்கிறது. ஆனால் நீ படிக்காமல் எதிலும் போடுகிறவன் இல்லை.

ஏழு பேர் இருந்தது உனக்குத் தெரிந்திருக்காது என்று முதலில் நம்பினேன். செப்டம்பரில் எழுதித் தெரிவித்தேன். மாரித்தாய் வேண்டாம் என்று சொன்னதையும் எழுதினேன். நீ என்ன நினைக்கிறாய் என்று கேட்டேன். இந்தத் தாள்தான் உன் பதில் என்று எடுத்துக்கொள்கிறேன்.

என் நினைவு தடுமாறுவது உண்மை. அடுப்பை அணைத்தேனா என்று பாதி வழியிலிருந்து திரும்பி வருகிறவன்தான் நான். வாழ்நாள் முழுக்க எனக்கு என் மேல் சந்தேகம். நான் சொல்வது சரியா, உட்கார்ந்த இடம் சரியா, போட்ட சட்டை சரியா என்று. அந்தச் சந்தேகத்தை வைத்துத்தான் இந்தத் தாளைத் தயாரித்திருக்கிறார்கள். இந்த ஆள் போடச் சொன்னால் போடுவான் என்று. படப்பிடிப்பு ஞாயிற்றுக்கிழமை நடந்ததில் மட்டும் எனக்குச் சந்தேகமே இல்லை, சீனி. வசனம் எனக்கு ஒரு வரி விடாமல் ஞாபகம் இருந்தது. இப்போதும் இருக்கிறது. வேண்டுமென்றேதான் சொல்லவில்லை.

விளையாட்டு என்று எழுதியிருக்கிறது. ஆமாம், விளையாட்டுதான். ஆனால் அதன் விதி உன் ஆட்களுக்குத் தெரியவில்லை. அந்த விளையாட்டில் பொய் சொல்கிற வேலை எனக்கு மட்டும்தான். எதிரில் இருக்கிற பிள்ளைகள் ஒருநாளும் பொய் சொன்னது கிடையாது.

நேற்று பொன்மணி வந்தாள். வீடு வீடாக ஆள் வந்து, விளையாட்டாகச் சொன்னோம் என்று சொல்லிவிடுங்கள் என்று கேட்டுவிட்டுப் போயிருக்கிறார்கள். தீபாவளிக்குப் பிறகு வேலை இருக்காது என்றும் சொன்னார்களாம்.

"அங்கன கேட்டா நாங்க என்ன மாமா சொல்லணும்?" என்றாள்.

"அத நான் சொல்லித்தர மாட்டேன்" என்றேன்.

"அது சரி, நீங்க சொன்னா தப்பாத்தான இருக்கும்!" என்று சிரித்தாள். மாரித்தாய் போன பிறகு எங்கள் தெருவில் நான் கேட்ட முதல் சிரிப்பு அது. பிறகு, "வேல போனாப் போகுது மாமா. கூட வாரீகளா?" என்றாள்.

வருகிறேன் என்றேன். முத்துப்பாண்டியும் வருகிறார். என்னிடம் அவர் இன்னும் முகம்கொடுத்துப் பேசவில்லை. ஆனால் நேற்று சாயங்காலம் என் வாசலில் வந்து நின்று, பஸ் எத்தனை மணிக்கு என்று கேட்டார்.

கையெழுத்துப் போடாத தாளையும் பெட்டியையும் திருப்பி அனுப்புகிறேன். இருளாண்டி, "அய்யா, திருப்பிக் கொண்டுபோனா என்னையல்ல வைவாக" என்கிறார். அவரை வையாதே. அவர் கெஞ்சினார், நான்தான் கேட்கவில்லை. இனி எந்தத் தீபாவளிக்கும் அனுப்ப வேண்டாம்.

விசாரணைக்கு நீயும் வருவதாக இருளாண்டி சொன்னார். வா. உனக்குக் கேட்காது என்பதால் நான் சொல்லப்போவதை எழுதி எடுத்துவந்து அதிகாரியிடம் ஒன்றும் உன்னிடம் ஒன்றும் கொடுப்பேன். யாரும் உனக்கு மாற்றிச் சொல்ல முடியாது. சொல்லும்போது எனக்குக் கால் நடுங்கும், குரல் உடைந்து போகும். அதைப் பார்த்துக் கிழவன் தடுமாறுகிறான் என்று உன் வக்கீல் சொல்லட்டும். நடுங்கிக்கொண்டே சொல்வேன்.

அங்கே உனக்கு ஒரு நாற்காலி போட்டு வைப்பார்கள். மணிகண்டன் முன்னாலேயே ஏற்பாடு செய்திருப்பான். நான் சொல்லி முடிக்கும்வரை அதில் முத்துப்பாண்டி உட்காரட்டும். நீயும் நானும் நிற்போம்.

தங்கச்சாமி